பர்மா உளுந்து வாங்கும் முன்

செய்தித்தாள்களில் வாராவாரம் வரும் விருதுநகர் மார்க்கெட் நிலவரத்தைக் கவனித்திருப்பீர்கள். உளுந்துக்கு நேரே இரண்டு விலை இருக்கும்: ஒன்று நாடு, மற்றது பர்மா. உருட்டு உளுந்தம்பருப்புக்கும் இதே இரண்டு வகை. அந்த நாடு மியான்மர் ஆகி முப்பது ஆண்டுகளுக்கு மேல் ஆகிறது என்றாலும் மண்டியில் இன்றும் அது பர்மா சரக்குதான். இந்த அத்தியாயத்திலும் அப்படியே எழுதுகிறேன்.

சிறிய மண்டி, உருட்டு ஆலை, அப்பளத் தொழில், இட்லி மாவுக் கடை என்று உளுந்தை நம்பிப் பிழைப்பவர்களை மனதில் வைத்து எழுதியது இது. நீங்கள் நேரடியாக இறக்குமதி செய்யாதவராகவே இருக்கலாம். ஆனாலும் உங்கள் குடோனில் இறங்கும் மூட்டையின் விலை பாதி யாங்கோனிலும் பாதி டில்லியிலும் முடிவாகிறது. இந்த வியாபாரத்தில் பணம் இழந்தவர்களில் பெரும்பாலோர் விலையைத் தவறாகக் கணித்தவர்கள் அல்லர், தேதியைக் கவனிக்காதவர்கள். அறுவடை எப்போது, அரசு அறிவிப்பு எதுவரை, கப்பல் ஏற்றிய தேதி என்ன, சரக்கு கைக்கு வரும் நாள் எது என்ற நான்கையும் எழுதி வைத்துக்கொண்டு விலை பேசுகிறவருக்கு அதிர்ச்சிகள் குறைவு.

ஒரே விற்பவர், ஒரே வாங்குபவர்

கோதுமையையும் சோயாவையும் பல நாடுகள் விளைவிக்கின்றன, பல நாடுகள் வாங்குகின்றன. ஓரிடத்தில் விலை ஏறினால் வேறிடத்தில் வாங்கலாம். உளுந்துக்கு அந்த வசதி இல்லை. உலகில் உளுந்தைப் பேரளவில் தின்கிற நாடு இந்தியா. இந்தியாவுக்கு வெளியே பேரளவில் விளைவிக்கிற நாடு பர்மா. அங்கே உள்ளூர்ச் சாப்பாட்டில் உளுந்துக்குப் பெரிய இடம் இல்லாததால் விளைவதில் பெரும்பகுதி ஏற்றுமதிக்கே போகிறது. ஏற்றுமதியில் ஏறக்குறைய எல்லாமே இந்தியாவுக்கு வருகிறது. இந்தியா கதவைச் சாத்தினால் பர்மிய விவசாயிக்கு வேறு வாசல் கிடையாது. பர்மாவில் மழையோ சண்டையோ குறுக்கிட்டால் நமக்கும் உடனே வேறு கடை கிடையாது.

இந்தப் பிணைப்பு பழங்காலத்தில் ஏற்பட்டதல்ல. 1962 முதல் 1988 வரை பர்மாவில் விளைபொருள் வணிகம் அரசின் பிடியில் இருந்தது. 1988க்குப் பிறகு பயறு ஏற்றுமதியைத் தனியாருக்குத் திறந்துவிட்டார்கள். நெல்லை மட்டும் அரசு விடவில்லை. விவசாயியிடமிருந்து நெல்லைக் கட்டாயக் கொள்முதல் செய்யும் முறை 2003 வரை நீடித்தது. நெல்லை அரசு விலைக்குக் கொடுத்தாக வேண்டும், பயறை நல்ல விலைக்கு விற்கலாம் என்றால் எந்த விவசாயியும் செய்வதைத்தான் அவர்களும் செய்தார்கள். நெல் அறுத்த வயலில் உளுந்து தூவினார்கள். ஐராவதி, பாகோ, யாங்கோன் ஆகிய கீழ்ப் பர்மா வட்டாரங்களில் நெல்லுக்குப் பின் உளுந்து என்பது வழக்கமானது இப்படித்தான்.

நம் காவிரி டெல்டாக்காரர்களுக்கு இந்த முறையை விளக்க வேண்டியதில்லை. சம்பா அறுவடைக்குச் சில நாள் முன்பு நிற்கும் பயிருக்குள் ஆடுதுறை 3 போன்ற ரக உளுந்தை விதைத்து, மண்ணில் மிச்சமிருக்கும் ஈரத்திலேயே விளைய வைப்பதை இங்கே நெல் தரிசு உளுந்து என்கிறோம். ஐராவதி டெல்டாவிலும் அதே தத்துவம்தான். பாய்ச்சலும் உரமும் குறைவு. செலவு குறைவு என்பதால் விலை விழுந்த ஆண்டிலும் அவர்களால் கொஞ்சம் தாக்குப்பிடிக்க முடிகிறது. நம் நாட்டு உளுந்தோடு பர்மா உளுந்து விலையில் போட்டி போடுவதற்கு இதுவே அடிப்படைக் காரணம்.

வரத்துக் காலங்கள்

கீழ்ப் பர்மாவில் மழைக்கால நெல் அறுத்தபின் நவம்பர் வாக்கில் விதைப்பு தொடங்கும், பிப்ரவரி, மார்ச்சில் அறுவடை நடக்கும். பிப்ரவரிக் கடைசியிலிருந்து யாங்கோனின் பயின்னாங் மொத்தச் சந்தையில் புதுச் சரக்கு குவியும். அதே நேரத்தில் ஆந்திரத்தின் கிருஷ்ணா, கோதாவரி டெல்டாக்களிலும் நெல்லுக்குப் பின் விளைந்த உளுந்து வரும். அடுத்து மார்ச், ஏப்ரலில் தஞ்சை, திருவாரூர், நாகை மாவட்டங்களின் சரக்கு ஒழுங்குமுறை விற்பனைக் கூடங்களுக்கு வரும். இந்த நான்கு டெல்டாக்களின் உளுந்தும் ஏறக்குறைய ஒரே காலத்தில் சந்தைக்கு வருவதுதான் நம் தொழிலின் முக்கியமான உண்மை. ஆண்டின் மலிவான வாரங்கள் பெரும்பாலும் இந்தக் காலத்தில்தான் அமையும்.

அடுத்த பெரிய வரத்து செப்டம்பர், அக்டோபரில் மத்தியப் பிரதேசம், உத்தரப் பிரதேசம், ராஜஸ்தான், மகாராஷ்டிரம் ஆகிய மாநிலங்களின் மானாவாரி உளுந்து. காய் முற்றும் வேளையில் அங்கே தொடர்மழை பிடித்தால் கறுத்த, முளைவிட்ட சரக்கு வரும். தென்னாட்டு உருட்டு ஆலைகள் அதைத் தொடாது. அப்படிப்பட்ட ஆண்டுகளில் அக்டோபருக்குப் பிறகு பர்மாவின் பழஞ்சரக்குக்கே மவுசு கூடிவிடும். ஆகவே ஆகஸ்ட், செப்டம்பர் மாதங்களில் சென்னை வானிலையைவிட இந்தூர், ஜான்சி, லலித்பூர் வானிலையைப் பார்ப்பது பயன் தரும். கைபேசியில் இரண்டு நிமிட வேலைதான்.

டில்லி அறிவிப்பும் அதன் கெடுவும்

இந்தப் பகுதியை நிதானமாகப் படியுங்கள். பர்மா உளுந்து விலையில் நடந்த பெரிய ஏற்ற இறக்கங்கள் பலவற்றுக்கும் பின்னால் ஒரு அரசிதழ் அறிவிப்பு இருக்கிறது.

2015 அக்டோபரில் துவரம்பருப்பு சில்லறையில் கிலோ 200 ரூபாயைத் தொட்டது. தொடர்ந்து இரண்டு ஆண்டு மழை பொய்த்ததன் விளைவு அது. 2015-16இல் நாட்டின் பயறு உற்பத்தி 163 லட்சம் டன் அளவில்தான் இருந்தது. அரசு ஆதரவு விலையை ஏற்றியது, இருப்பு சேர்த்தது, இறக்குமதியை ஊக்குவித்தது. நல்ல விலையைப் பார்த்த விவசாயிகளும் பயறுக்குத் திரும்பினார்கள். மழையும் கைகொடுக்க, 2016-17இல் உற்பத்தி 231 லட்சம் டன்னாகத் தாவியது. அதே ஆண்டில் இறக்குமதியும் 66 லட்சம் டன் வந்து சேர்ந்தது. உள்நாட்டுச் சந்தையில் விலை ஆதரவு விலைக்குக் கீழே போயிற்று.

2017 ஆகஸ்ட் 5 அன்று துவரை இறக்குமதிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் டன் என்று உச்சவரம்பு வந்தது. ஆகஸ்ட் 21 அன்று உளுந்துக்கும் பாசிப்பயறுக்கும் சேர்த்து 3 லட்சம் டன் என்று இன்னொரு வரம்பு வந்தது. மூன்று வாரத்துக்குள் ஒரு நாட்டின் பயறு ஏற்றுமதியே திக்குமுக்காடிப் போயிற்று. அந்த ஆண்டு அறுவடையை வைத்திருந்த பர்மிய வியாபாரிகளுக்கும், அடுத்த நவம்பரில் விதைப்பதா வேண்டாமா என்று தவித்த விவசாயிகளுக்கும் விலை சரிந்தது. எந்தத் தவறும் செய்யாதவர்கள் தண்டிக்கப்பட்டார்கள் என்பதைச் சொல்லாமல் கடந்துபோக முடியவில்லை. நம் விவசாயியைக் காக்க வேண்டியது அரசின் கடமைதான். ஆனால் விதைப்புக்கு முன்பே அறிவித்துச் செய்கிற காப்பும், விளைந்து மூட்டை கட்டியபின் செய்கிற காப்பும் ஒன்றாகாது.

நான்கு ஆண்டு கழித்துக் காற்று மாறி வீசியது. 2021 மே 15 அன்று துவரை, உளுந்து, பாசிப்பயறு மூன்றின் இறக்குமதியும் மீண்டும் தாராளமாக்கப்பட்டது. பாசிப்பயறை மட்டும் 2022 பிப்ரவரியில் மறுபடி கட்டுப்பாட்டில் வைத்தார்கள். துவரைக்கும் உளுந்துக்கும் அனுமதி பெரும்பாலும் மார்ச் 31 வரை என்று கெடு வைத்து, பிறகு நீட்டிக்கப்பட்டு வந்தது. இதனால்தான் ஜனவரி முதல் மார்ச் வரை பர்மா சந்தையில் ஒரு பரபரப்பு இருக்கும். நீட்டிப்பு வராது என்று ஒரு வதந்தி கிளம்பினால் உள்நாட்டில் விலை ஏறும், யாங்கோனில் இறங்கும். நீட்டிப்பு வந்தால் இரண்டும் தலைகீழ். அந்த மூன்று மாதங்களில் தரகர் அனுப்பும் வாட்ஸ்அப் செய்தியை நம்பி லோடு வாங்காதீர்கள். அந்நிய வர்த்தகத் தலைமை இயக்குநரகத்தின் இணையதளத்தில் அறிவிப்பு எண், தேதி, கெடு மூன்றையும் நீங்களே பாருங்கள்.

அறிவிப்பில் இன்னொன்றையும் தேட வேண்டும். கெடு எந்தத் தேதியைக் கொண்டு கணக்கிடப்படுகிறது? துறைமுகத்துக்கு வந்த தேதியா, சுங்கத்தில் பில் ஆஃப் என்ட்ரி போட்ட தேதியா, யாங்கோனில் ஏற்றிய பில் ஆஃப் லேடிங் தேதியா? நேரடிக் கப்பல் கிடைத்தால் யாங்கோனிலிருந்து சென்னைக்குச் சரக்கு விரைவாக வந்துவிடும். சிங்கப்பூரிலோ போர்ட் கிளாங்கிலோ பெட்டி மாற வேண்டியிருந்தால் நாட்கள் இழுக்கும். கெடு நெருங்கும்போது அந்த இடைவெளிதான் சரக்கு உங்களுடையதா, சுங்கத்தினுடையதா என்பதை முடிவு செய்யும்.

இதில் நீதிமன்றத்தை நம்பிக் கால் வைத்தவர்களின் அனுபவம் கசப்பானது. வரம்புகள் வந்த காலத்தில் சில இறக்குமதியாளர்கள் உயர் நீதிமன்றங்களில் இடைக்காலத் தடை பெற்றுப் பட்டாணியும் பயறும் கொண்டுவந்தார்கள். 2020 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் அரசின் கட்டுப்பாட்டு அறிவிப்புகள் செல்லும் என்றது. 2021 ஜூனில், இடைக்கால உத்தரவின் பலத்தில் வந்த பட்டாணியை அரசு முழுமையாகப் பறிமுதல் செய்யலாம் என்றும் தீர்ப்பளித்தது. அபராதம் கட்டி மீட்கலாம் என்ற வழியும் அடைபட்டது. ஆகவே யாராவது கோர்ட் ஆர்டர் இருக்கிறது என்று சொல்லி மலிவு விலையில் சரக்கு காட்டினால் விலகி நில்லுங்கள்.

இந்தியாவும் மியான்மரும் 2021 ஜூனில் செய்துகொண்ட புரிந்துணர்வின்படி 2021-22 முதல் 2025-26 வரை ஆண்டுக்கு 2.5 லட்சம் டன் உளுந்தும் 1 லட்சம் டன் துவரையும் தனியார் வணிகம் வழியாக வாங்க ஒப்புக்கொள்ளப்பட்டது. இப்படிப்பட்ட ஒப்பந்தத்தை இதற்குக் குறையாமல் வாங்குவோம் என்ற உறுதியாகப் படிப்பது சரி. விலைக்கு அதில் உத்தரவாதம் எதுவும் இல்லை. ஆனாலும் 2017 போல ஒரே நாளில் கதவு மூடும் அபாயத்தை இது குறைக்கிறது. ஒப்பந்தக் காலம் முடிகிற ஆண்டு எது, புதுப்பித்தார்களா என்பதைக் குறித்து வையுங்கள்.

டில்லி எப்போது அசையும் என்று முன்கூட்டியே ஊகிக்க ஒரு வழி உண்டு. 2025-26 பருவத்துக்கு உளுந்தின் குறைந்தபட்ச ஆதரவு விலை குவிண்டாலுக்கு 7,800 ரூபாய், துவரைக்கு 8,000 ரூபாய். இறக்குமதிச் சரக்கின் அடக்கவிலை ஆதரவு விலைக்குக் கீழே பல மாதம் படுத்துக் கிடந்தால் விவசாய அமைப்புகளின் குரல் ஓங்கும், அரசு வரியையோ வரம்பையோ கையில் எடுக்கும். மஞ்சள் பட்டாணியில் இதைக் கண்கூடாகப் பார்த்தோம். 2023 டிசம்பரில் வரி நீக்கினார்கள். மலிவான பட்டாணி மலைபோல வந்தது. 2024-25இல் நாட்டின் மொத்தப் பயறு இறக்குமதி 70 லட்சம் டன்னைத் தாண்டியதில் அதற்குப் பெரிய பங்கு. 2025 நவம்பர் 1 முதல் 30 சதவீத வரி திரும்ப வந்துவிட்டது. எதிர்த் திசையிலும் இதே விதிதான். சில்லறை விலை பத்திரிகைத் தலைப்பாகும் அளவுக்கு ஏறினால் இருப்பு வரம்பு வரும். 2023 ஜூனில் துவரைக்கும் உளுந்துக்கும் மொத்த வியாபாரிக்கு 200 டன் என்று வரம்பு விதித்தார்கள். செப்டம்பரிலேயே அதை 50 டன்னாகச் சுருக்கினார்கள். 50 டன் என்பது இரண்டு கன்டெய்னர்தான். அதற்கு மேல் வைத்திருந்தவர்கள் கெடுவுக்குள் கிடைத்த விலைக்குத் தள்ள வேண்டியதாயிற்று. வரம்பு இருக்கும் காலத்தில் உங்கள் இருப்பை நுகர்வோர் விவகாரத் துறையின் தளத்தில் பதியவும் வேண்டும். கணக்கில் காட்டாத மூட்டையால் கிடைக்கும் லாபம் ஒரு சோதனைக்குக்கூடத் தாங்காது.

கியாட் பிரச்சினை

2021 பிப்ரவரி ராணுவப் புரட்சிக்குப் பிறகு பர்மாவின் நாணயம் தள்ளாடுகிறது. 2022 ஆகஸ்ட் முதல் அந்நாட்டு மத்திய வங்கி டாலருக்கு 2,100 கியாட் என்று மதிப்பு வைத்தது. வெளிச்சந்தையில் 2024இல் அது 4,000ஐத் தாண்டிப் போயிற்று. ஏற்றுமதியாளர் தனக்கு வரும் டாலரில் ஒரு பங்கை அரசு மதிப்பில் மாற்றியே தீர வேண்டும் என்ற விதியும் உண்டு. அந்தப் பங்கு அவ்வப்போது மாற்றப்பட்டிருக்கிறது. மாற்றுகிற ஒவ்வொரு டாலரிலும் அவருக்கு நஷ்டம். அந்த நஷ்டத்தை விலையில் ஏற்றுவார் அல்லது விவசாயியிடம் குறைத்து வாங்குவார். பங்கு குறைந்ததாகச் செய்தி வந்தால் உளுந்தின் டாலர் விலை சற்று இளகும் என எதிர்பார்க்கலாம்.

பணம் அனுப்புவதும் சிக்கல். 2023 ஜூனில் மியான்மரின் இரு அரசு வங்கிகள்மீது அமெரிக்கா தடை விதித்தது. அதனால் ரூபாயிலேயே கணக்குத் தீர்க்கும் முறையை இரு நாடுகளும் 2024 தொடக்கத்தில் நடைமுறைக்குக் கொண்டுவந்தன. ரூபாய் வழியில் பேரம் பேசுபவர்கள் சில நேரம் வேறு விலை சொல்வார்கள். இரண்டு வழியிலும் விலை கேட்டு, வங்கிச் செலவையும் சேர்த்து ஒப்பிடுங்கள்.

அடக்கவிலை போடும் முறை

பர்மா உளுந்து டன்னுக்கு இத்தனை டாலர், சென்னை சி.என்.எஃப். என்று பேசப்படும். அதாவது சரக்கு விலையும் சென்னை வரைக்கான கப்பல் கூலியும் அதில் அடக்கம். கணக்கு புரிவதற்காக டன் 900 டாலர், டாலர் 85 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். டன் 76,500 ரூபாய், கிலோ 76.50. துறைமுகச் செலவு, கிளியரிங், லாரி, தரகு, எடைக் குறைவு எல்லாம் சேர்த்துக் கிலோவுக்கு 3.50 வைத்தால் ஆலை வாசலில் 80 ரூபாய், குவிண்டால் 8,000.

இப்போது உடையுங்கள். 100 கிலோவில் 72 கிலோ உருட்டு கிடைக்கிறது, பொட்டும் குருணையும் விற்று 700 ரூபாய் வருகிறது என்றால், உருட்டின் அடக்கம் கிலோ 101.40, அரவைச் செலவு தனி. அதே சரக்கில் 71 கிலோதான் தேறினால் அடக்கம் 102.80. ஒரு சதவீதத் தேறல் குறைந்ததற்கு 1.40 ரூபாய் போயிற்று. மாறாக, டன் விலையில் 10 டாலர் குறைத்து வாங்கியிருந்தால் உருட்டில் மிச்சமாவது ஏறக்குறைய 1.20 ரூபாய்தான். பத்து டாலருக்காக மணிக்கணக்கில் பேரம் பேசிவிட்டு, தேறலைச் சோதிக்காமல் லோடு இறக்குகிறவர்கள் எந்த இடத்தில் இழக்கிறார்கள் என்பது இந்தக் கணக்கில் தெரியும்.

இருப்பு வைப்பதற்கும் கணக்கு உண்டு. ஆண்டு வட்டி 12 சதவீதம் என்றால் 8,000 ரூபாய்ச் சரக்கு மாதம் 80 ரூபாய் தின்னும், கிலோவுக்கு 80 காசு. ஆறு மாதம் வைத்தால் வட்டி மட்டும் 4.80. குடோன் வாடகையும் மருந்தடிப்பும் காய்ச்சலில் குறையும் எடையும் அதற்கு மேல். ஏப்ரலில் வாங்கி அக்டோபரில் விற்கிறவர், விலை ஏழெட்டு ரூபாய் ஏறினால்தான் அசலைத் தொடுகிறார்.

சரக்கைப் பார்ப்பது

பர்மா உளுந்தில் இரண்டு தரம் பேசப்படும். எஸ்.க்யூ. என்பது பருமனும் சீரும் கூடிய தரம். எஃப்.ஏ.க்யூ. என்பது நடுத்தரச் சரக்கு, மணி சற்றுச் சிறுத்திருக்கும். இரண்டுக்கும் டன்னுக்கு 50 முதல் 100 டாலர் வித்தியாசம் இருப்பது வழக்கம். உருட்டுக்கும் இட்லி மாவுக்கும் எஸ்.க்யூ. கேட்பார்கள். உடைத்த பருப்புக்கும் மாவாக அரைப்பதற்கும் எஃப்.ஏ.க்யூ. போதும். இரண்டின் விலையும் மிக நெருங்கி வரும் வாரங்களில் உருட்டு ஆலைக்காரர் எஸ்.க்யூ.வை எடுத்துவிட வேண்டும், தேறலில் வித்தியாசத்தை மீட்டுவிடலாம்.

சாம்பிள் பையை மட்டும் பார்த்து முடிவு செய்யாதீர்கள். லாரி நின்றதும் மேலடுக்கிலிருந்து இரண்டு, நடுவிலிருந்து நான்கு, அடியிலிருந்து நான்கு மூட்டை என்று பிரித்துக் குத்தூசி போட்டு எடுங்கள். எடுத்ததைக் கலந்து வெள்ளைத் துணியில் பரப்பினால் சுருங்கிய மணி, உடைந்தது, துளை விழுந்தது, பாசிப்பயறுக் கலப்பு எல்லாம் கண்ணுக்குத் தெரியும். ஒரு மணியைப் பல்லில் வைத்துக் கடித்துப் பாருங்கள். சுள்ளென்று இரண்டாக உடைந்தால் காய்ச்சல் சரி. பல் பதிந்து மெத்தென்று இறங்கினால் ஈரம் இருக்கிறது. உடைந்த பருப்பின் உட்புறம் பால் வெள்ளையாக இருக்க வேண்டும். மஞ்சள் ஓடியிருந்தால் அது பழஞ்சரக்கு அல்லது ஈரத்தில் கிடந்தது.

கடைசிச் சோதனை தண்ணீரில். தோலோடு நூறு கிராமை ஊறவைத்து நாலைந்து மணி நேரம் கழித்து விரலால் நசுக்குங்கள். ஊறாமல் கல்லாகக் கிடப்பவை எத்தனை என்று எண்ணுங்கள். மீதியைக் கழுவித் தோல் நீக்கி அரைத்து, மாவு எவ்வளவு பொங்கி வருகிறது என்று ஒரே பாத்திரத்தில் அளந்து, முந்திய லோடோடு ஒப்பிடுங்கள். மாவுக் கடைக்காரர் உங்களிடம் திரும்பி வருவதும் வராததும் இந்த அளவில்தான் இருக்கிறது. அவருக்கு விலை ஒரு ரூபாய் கூடினால் பரவாயில்லை, மாவு காணவில்லை என்றால் மறுநாளே வேறு மண்டிக்குப் போய்விடுவார்.

நேரடி இறக்குமதி என்றால் தாவர நலச் சான்று, புகைமூட்டச் சான்று, உற்பத்தி நாட்டுச் சான்று மூன்றும் ஒன்றோடொன்று பொருந்த வேண்டும். மூட்டை எண்ணிக்கையோ எடையோ ஒன்றில் மாறியிருந்தாலும் பெட்டி துறைமுகத்தில் கிடக்கும், நாள் வாடகை ஏறும். கப்பல் வழியில் இருக்கும்போதே கைமாறும் சரக்கை வாங்குகிறவர்கள் பணம் கொடுக்கும் முன் இந்த நகல்களைக் கேட்டு வாங்கிப் படிக்க வேண்டும்.

துவரை, பட்டாணி, மற்ற நாடுகள்

பர்மாவின் துவரை வேறு வட்டாரப் பயிர். சகாயிங், மாண்டலே, மக்வே ஆகிய நடுப் பர்மாவின் வறண்ட பகுதியில் மே, ஜூனில் விதைத்து டிசம்பர் முதல் பிப்ரவரிக்குள் அறுக்கிறார்கள். சண்டையால் அதிகம் அடிபட்டதும் அந்த வட்டாரம்தான். 2025 மார்ச் 28 அன்று 7.7 அளவு நிலநடுக்கம் தாக்கி, ஐராவதியின் குறுக்கே இருந்த பழைய ஆவா பாலம் இடிந்ததும் அங்கேதான். ஆகவே பர்மாவில் கலவரம் என்று செய்தி வந்தால் எந்த மாநிலம் என்று முதலில் கேளுங்கள். சகாயிங் என்றால் துவரைக்கு ஆபத்து, உளுந்துக்கு அவ்வளவு இல்லை. யாங்கோன் துறைமுகமோ பாகோ சாலையோ என்றால் இரண்டுக்கும்.

லெமன் துவரை என்று விலைப் பட்டியலில் வருவது இந்தப் பர்மா துவரைதான். துவரையில் நமக்கு மாற்று உண்டு. மொசாம்பிக்குடன் ஆண்டுக்கு 2 லட்சம் டன், மலாவியுடன் 50,000 டன் என்று ஒப்பந்தங்கள் போடப்பட்டன. அந்தச் சரக்கு செப்டம்பரையொட்டி வரத் தொடங்கும். சாப்பாட்டிலும் துவரைக்கு மாற்று இருக்கிறது. தமிழகத்து ரேஷன் கடைகளில் 30 ரூபாய்க்குத் துவரம்பருப்பு அல்லது கனடா மஞ்சள் பருப்பு என்று கொடுத்துப் பழகிவிட்டார்கள், சாம்பார் நிற்கவில்லை. உளுந்துக்கு அது நடக்காது. பட்டாணி மாவில் இட்லி பொங்காது, அப்பளம் விரியாது. எனவே மஞ்சள் பட்டாணி மலிவாகிவிட்டது, பருப்பு விலையெல்லாம் விழும் என்று யாராவது பொதுவாகச் சொன்னால், கடலைக்கும் ஓரளவு துவரைக்கும் சரி, உளுந்துக்கு அந்தச் சூத்திரத்தைப் போடாதீர்கள்.

உளுந்தில் புதிய போட்டியாளர் பிரேசில். 2023இல் அங்கிருந்து வந்தது 4,000 டன் அளவுதான். 2024இல் 20,000 டன்னைத் தாண்டியது. பர்மாவின் லட்சங்களுக்கு முன் இது சிறிய அளவு. ஆனால் பர்மா வரத்து ஓய்ந்து வடநாட்டுச் சரக்கு வராத இடைவெளியில் வருவதால் அந்த மாதங்களின் விலையை அது தணிக்கும். இயந்திர அறுவடைச் சரக்கு என்பதால் முதல் லோடுக்குத் தேறல் சோதனையை இரட்டிப்பாகச் செய்யுங்கள்.

உள்நாட்டில் 2025 அக்டோபரில் தொடங்கிய பயறு தற்சார்பு இயக்கம் 2030-31க்குள் உற்பத்தியை 350 லட்சம் டன்னாக்க இலக்கு வைத்திருக்கிறது. துவரை, உளுந்து, மசூர் மூன்றையும் பதிவு செய்த விவசாயிகளிடமிருந்து நாஃபெட், என்.சி.சி.எஃப். வழியே நான்கு ஆண்டு ஆதரவு விலைக்கு வாங்கவும் முடிவு. முழுமையாக நடந்தால் நம் டெல்டா உளுந்துக்கு இதைவிட நல்ல செய்தி கிடையாது. அறுவடை நாட்களில் ஆதரவு விலைக்கும் கீழே கேட்டுப் பழகிய வியாபாரிகள் அந்தப் பழக்கத்தை விட வேண்டியிருக்கும், விடவும் வேண்டும். அரசின் கிடங்கில் இருப்பு சேரச் சேர, அவர்கள் ஏலத்தில் விடும் நாட்களும் உங்கள் குறிப்பேட்டில் ஏற வேண்டும்.

எவ்வளவு, எப்போது

உருட்டு ஆலையின் ஆண்டுத் தேவையில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கை மார்ச் நடுவிலிருந்து மே வரை, ஒரே விலைக்கு மொத்தமாக அல்லாமல், நாலைந்து லோடுகளாகப் பிரித்து வாங்குவது என் பரிந்துரை. அதிலும் பாதி நாட்டு உளுந்தாக இருந்தால் கதவு திடீரென மூடினாலும் ஆலை ஓடும். அடுத்த பங்கை மாதத் தேவைக்கு மாதம் எடுங்கள். மீதியைச் செப்டம்பரில், வடநாட்டு மழையைப் பார்த்த பிறகு முடிவு செய்யுங்கள். மார்ச் 31 கெடு நீட்டிக்கப்படாத ஆண்டில் முதல் பங்கை ஆண்டுத் தேவையில் பாதி வரை கூட்டலாம், இருப்பு வரம்பு எண்ணிக்கையை மனதில் வைத்துக்கொண்டு.

வாங்கி அடுக்கியபின் குடோனில் முதல் எதிரி வண்டு. வயலிலேயே காயில் முட்டையிட்டு மூட்டையோடு வந்துவிடும். மரப்பலகைமேல் அடுக்கி, சுவரிலிருந்து இரண்டடி விட்டு, மாதம் ஒருமுறை நடு மூட்டையைப் பிரித்துப் பாருங்கள். மணியின் மேல் வெள்ளைப் புள்ளியாக முட்டை தெரிந்தால் அந்த வாரமே உரிமம் பெற்றவர்களை அழைத்துப் புகைமூட்டம் போடுங்கள். துளை தெரிந்தபின் போட்டால் வண்டு சாகும், தேறல் திரும்பாது. கோடை மழைக்கு முன் ஏற்றிய அடுக்கை ஆடிக்குள் ஒருமுறை இடம் மாற்றி அடுக்குவதும், பழைய லோடை முதலில் ஆலைக்கு விடுவதும் கூலிக்குக் கூடுதல் செலவுதான். ஒவ்வொரு மூட்டை வரிசையிலும் லோடு வந்த தேதியையும் தரத்தையும் எழுதிய அட்டையைக் கட்டச் சொல்லுங்கள். ஆலையில் எந்த லோடு எத்தனை சதவீதம் தேறியது என்பதை அதே அட்டையின் பின்புறத்தில் எழுதி வைத்தால், அடுத்த மார்ச்சில் எந்த இறக்குமதியாளரிடம் முதலில் விலை கேட்பது என்று உங்களுக்கே தெரிந்துவிடும்.